பிகானேர் ஹவுஸுக்கு வந்த ஜப்தி

ஜப்தி செய்த அரசு பஸ் கோர்ட் வளாகத்தில் நிற்பதைத் தமிழ்நாட்டில் பார்க்காதவர்கள் குறைவு. விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்கு இழப்பீடு கொடு என்று தீர்ப்பாகிப் பல வருஷம் ஓடியிருக்கும், பணம் வந்திருக்காது. கடைசியில் அமீனா பஸ் ஸ்டாண்டுக்கே போய், பயணிகளை இறக்கிவிட்டு, வண்டியைக் கோர்ட்டுக்கு ஓட்டிவரச் செய்வார். நிலம் எடுத்ததற்குப் பணம் தராத வழக்குகளில் கலெக்டர் ஆபீஸ் நாற்காலி, மேஜை, ஜீப் வரை ஜப்திக்குப் போனதுண்டு. அதே காட்சிதான் 2024 நவம்பரில் டெல்லியில் நடந்தது. ஆனால் இந்த முறை அமீனா தேடிப்போனது பஸ்ஸை அல்ல. இந்தியா கேட் பக்கத்தில், பிகானேர் மகாராஜா கங்கா சிங் காலத்தில் கட்டிய ஒரு மாளிகையை.

பிகானேர் ஹவுஸ் என்றால் டெல்லிவாசிகளுக்கு இரண்டு ஞாபகம் வரும். கொஞ்சம் வயதானவர்களுக்கு அது ஜெய்ப்பூர் பஸ் புறப்படுகிற இடம். இளைஞர்களுக்கு ஓவியக் கண்காட்சியும் இலக்கியக் கூட்டமும் நடக்கிற இடம். அப்படிப்பட்ட கட்டடத்தை ஜப்தி செய்யச் சொன்னது பட்டியாலா ஹவுஸ் வளாகத்தில் இருக்கும் மாவட்ட வணிக நீதிமன்றம். பாக்கி எவ்வளவு? 50 லட்சத்து 31 ஆயிரத்துச் சொச்சம். டெல்லியின் அந்தப் பகுதியில் இந்தப் பணத்துக்குக் கார் நிறுத்த இடம் வாங்குவதே கஷ்டம்.

பணம் தர வேண்டியது ராஜஸ்தானின் பிகானேர் மாவட்டத்தில் இருக்கும் நோக்கா என்ற ஊரின் நகராட்சி. பெற வேண்டியது குடிநீர், கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையங்கள் கட்டும் என்விரோ இன்ஃப்ரா இன்ஜினியர்ஸ் என்ற நிறுவனம். இருவருக்கும் தகராறு வந்து, கோர்ட்டுக்கு வெளியே தகராறைத் தீர்த்துவைக்கும் நடுவரிடம் போனது. 2020 ஜனவரி 21 அன்று நடுவர் தீர்ப்பு நிறுவனத்துக்குச் சாதகமாக வந்தது. அதை எதிர்த்து நகராட்சி செய்த முயற்சியும் தள்ளுபடியாகித் தீர்ப்பு இறுதியானது. அதற்கப்புறமும் பணம் வரவில்லை.

இந்த வழக்கில் எனக்கு முக்கியமாகப் படுவது அடுத்து நடந்ததுதான். தீர்ப்பான பணத்தை வசூலிக்கப் போடும் நிறைவேற்று மனுவில், அதாவது வக்கீல் குமாஸ்தாக்கள் ‘ஈ.பி.’ என்று சொல்வதில், நீதிமன்றம் முதலில் மாளிகை மேல் கை வைக்கவில்லை. ‘உன்னிடம் என்னென்ன சொத்து இருக்கிறது, பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்’ என்றுதான் நகராட்சியிடம் கேட்டது. ஒரு தாளில் எழுதிக் கொடுக்க வேண்டிய பட்டியல். திரும்பத் திரும்ப வாய்ப்புக் கொடுத்தும் அது வரவில்லை. அப்புறம்தான், பிகானேர் ஹவுஸை நகராட்சியின் சொத்தாக எடுத்துக்கொண்டு, ஜப்தி உத்தரவு. செப்டம்பரில் போட்ட அந்த உத்தரவு நவம்பர் மூன்றாவது வாரத்தில் செய்தியாகி நாடு முழுக்கப் பரவியது. விற்பதோ தானம் கொடுப்பதோ வேறு எந்த வகையிலும் கைமாற்றுவதோ கூடாது. விற்பனை அறிவிப்பின் நிபந்தனைகளைப் பேசி முடிவு செய்ய நவம்பர் 29 அன்று பிரதிநிதி வந்து நிற்க வேண்டும்.

பில் கொடுக்க மனமில்லாத ஆபீஸைப் பார்த்திருக்கிறேன். சொத்துப் பட்டியல் கேட்டால்கூடப் பதில் போடாத ஆபீஸ் இன்னொரு படி மேலே. அங்கே யாரும் சதி செய்திருக்க வேண்டியதில்லை. ‘நோட்டீஸ் வந்திருக்கு’ என்று ஒரு கிளார்க் ஃபைலில் கோர்த்திருப்பார், அது மேஜை மேஜையாகப் போயிருக்கும், நடுவில் ஆணையர் மாறியிருப்பார். இது என் ஊகம்தான். ஆனால் டிவிஷன் ஆபீஸ் வராந்தாவில் பில் ஃபைலோடு உட்கார்ந்திருக்கும் எந்தக் காண்ட்ராக்டரைக் கேட்டாலும் இதே கதையைத்தான் சொல்வார்.

அந்த வராந்தாவைக் கொஞ்சம் பார்த்துவிடலாம். வேலை முடிந்ததும் உதவிப் பொறியாளர் அளந்து எம்.புக்கில், அதாவது அளவுப் பதிவேட்டில், ஏற்ற வேண்டும். அதைச் செயற்பொறியாளர் சரிபார்த்துப் பில் பாஸ் செய்ய வேண்டும். இதுவரைக்கும் ஓரளவு ஓடும். அப்புறம் வரும் அந்த வார்த்தை: ‘ஃபண்ட் வரல.’ ஃபண்ட் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. வந்தாலும் யார் பில்லுக்கு முதலில் என்பதற்கு எழுதிய வரிசை பல இடங்களில் கிடையாது. இதற்குள் சிமெண்ட் கடைக்காரர் போன் செய்வார், ஜல்லி லாரிக்காரர் வீட்டுக்கே வருவார், வங்கி ஓவர் டிராஃப்ட் வட்டி மாதாமாதம் ஏறும். கேஸ் போடலாமே என்றால், ‘அடுத்த டெண்டர் கிடைக்குமா சார்?’ என்று திருப்பிக் கேட்பார்கள். அந்தப் பயத்திலேயே பலர் மூன்று வருஷத்தைத் தொலைத்துவிடுகிறார்கள். காலவரையறைச் சட்டப்படி, செய்த வேலைக்கான பணத்தைக் கேட்டு வழக்குப் போட வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருஷம்தான். ‘பாக்கி இருக்கிறது, நிதி வந்ததும் தருகிறோம்’ என்று ஆபீஸ் எழுத்தில் ஒப்புக்கொண்டால், அது அந்தக் கெடுவுக்குள் வந்திருந்தால், கணக்கு மறுபடி முதலிலிருந்து தொடங்கும். வாயால் சொன்ன வாயிதாவுக்கு அந்தச் சக்தி இல்லை. அதனால்தான் அனுபவப்பட்டவர்கள் நேரில் போய் நூறு தடவை கேட்பதை விட ரிஜிஸ்டர் தபாலில் ஒரு கடிதம் போட்டு, பதிலையும் எழுத்தில் வாங்கப் பார்ப்பார்கள்.

ஃபைனல் பில்லில் இன்னொரு கண்ணி உண்டு. ‘இனி எனக்கு எந்தப் பாக்கியும் இல்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால்தான் செக் என்பார்கள். பணமுடையில் போட்டுவிட்டு, பின்னால் மிச்சத்துக்கு வழக்குப் போனால் அந்தக் கையெழுத்தைத்தான் முதலில் காட்டுவார்கள். கட்டாயப்படுத்தி வாங்கினார்கள் என்று நிரூபிக்க முடிந்தால் தப்பலாம். அதை நிரூபிக்கவே தனியாகச் சில வருஷம் ஆகும்.

நோக்காவுக்கு வருவோம். ராஜஸ்தான் நகராட்சிக்கு எதிரான தீர்ப்பை டெல்லியில் எப்படி நிறைவேற்றலாம்? இதற்குப் பதில் சென்னைப் பக்கமிருந்து வந்தது. வாகனக் கடன் பாக்கி ஒன்றில் சுந்தரம் ஃபைனான்ஸ் நடத்திய வழக்கில் 2018 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது: நடுவர் தீர்ப்பை நிறைவேற்றக் கடனாளியின் சொத்து எந்த ஊரில் இருக்கிறதோ அந்த ஊர் நீதிமன்றத்துக்கே நேராகப் போகலாம். வேறொரு நீதிமன்றத்தில் மனுப் போட்டு, அங்கிருந்து மாற்றல் வாங்கி வர வேண்டியதில்லை. காண்ட்ராக்டர்களுக்கு இது பெரிய வசதி. அரசு அமைப்புக்கு எந்த ஊரில் வலிக்குமோ அந்த ஊரில் மனுவைப் போடலாம். சொந்த ஊரில் ஒரு தண்ணீர்த் தொட்டியை ஜப்தி செய்திருந்தால் இந்தச் செய்தி மாவட்ட எல்லையைத் தாண்டியிருக்காது.

அசையாச் சொத்தை ஜப்தி செய்யும் முறை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 21, விதி 54-இல் இருக்கிறது. படித்தால் சிரிப்பு வரும். அந்தச் சொத்திலோ அதன் பக்கத்திலோ தண்டோரா போட்டு, அல்லது அந்த ஊர் வழக்கப்படி வேறு விதமாக, உத்தரவை அறிவிக்க வேண்டும். நகலை அந்த இடத்தில் எல்லோர் கண்ணிலும் படும்படி ஒட்ட வேண்டும். வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம் என்பதால் பறை இன்னும் அதில் ஒலித்துக்கொண்டிருக்கிறது. ஆனால் இந்த விதியை எழுதியவர்களுக்கு ஒரு விஷயம் புரிந்திருந்தது. ஜப்தியின் பாதிப் பலம் சட்டத்தில், மீதி ஊர் பார்ப்பதில். அந்தச் சொத்து என்னுடையது என்று மூன்றாவது ஆள் வந்து தடுக்க விதி 58 இடம் தருகிறது. ஏலம் என்றால் கடனுக்குத் தேவையான அளவு மட்டுமே விற்க முடியும். 50 லட்சத்துக்காக ஒரு மாளிகை ஏலம் போகும் என்று அந்த வழக்கில் யாரும் நிஜமாக நம்பியிருக்க மாட்டார்கள். ஆனாலும் நடுவர் தீர்ப்பு வந்து கிட்டத்தட்ட ஐந்து வருஷம் அசையாத ஃபைல் ஒரே வாரத்தில் ஓடியது. ராஜஸ்தான் தரப்பு நீதிமன்றத்துக்கு வந்து தடை கேட்டது. ஒரு வாரத்துக்குள் 92.24 லட்சம் ரூபாய் கட்டு என்ற நிபந்தனையோடு தடை கிடைத்தது.

50.31 லட்சம் எங்கே, 92.24 லட்சம் எங்கே! நடுவில் இருப்பது ஏறக்குறைய 42 லட்சம். 2020 தொடக்கத்திலேயே செக் எழுதியிருந்தால் இதில் பெரும்பகுதி மிஞ்சியிருக்கும். ஒரு சிறிய நகராட்சிக்கு 42 லட்சம் என்பது சில தெருக்களுக்குச் சாலை. (வேடிக்கை என்னவென்றால், அதே நவம்பர் கடைசியில்தான் இந்த நிறுவனம் பங்குச் சந்தையில் சுமார் 650 கோடிக்கு முதல் பங்கு வெளியீடு செய்தது. அத்தனை பெரிய நிறுவனமே 50 லட்சத்துக்கு இவ்வளவு நாள் அலைய வேண்டியிருந்தது என்றால், மூன்று பில்லும் ஒரு கலவை மிஷினும் வைத்திருக்கும் காண்ட்ராக்டரை நினைத்துக்கொள்ளுங்கள்.)

அதே வாரத்தில் இன்னொரு டெல்லி மாளிகைக்கும் ஜப்தி வந்தது. மண்டி ஹவுஸ் பக்கம் சிக்கந்தரா சாலையில் இருக்கும் ஹிமாச்சல் பவன். 2024 நவம்பர் 18 அன்று ஹிமாச்சலப் பிரதேச உயர் நீதிமன்ற நீதிபதி அஜய் மோகன் கோயல் போட்ட உத்தரவு. இது பில் பாக்கி அல்ல, முன்பணத்தைத் திருப்பிக் கேட்ட வழக்கு. லாஹௌல்-ஸ்பிதி பகுதியில் 320 மெகாவாட் நீர்மின் திட்டம் ஒன்று 2009-இல் சேலி என்ற நிறுவனத்துக்கு ஒதுக்கப்பட்டது. நிறுவனம் 64 கோடி முன்பணம் கட்டியது. திட்டம் நகரவில்லை, ஒதுக்கீடு ரத்தானது, முன்பணத்தை அரசு வைத்துக்கொண்டது. 2023 ஜனவரியில், 7 சதவீத வட்டியோடு திருப்பிக் கொடு என்று நீதிமன்றம் சொன்னது. மேல்முறையீட்டில் அரசுக்குத் தடை கிடைத்தது, பணத்தைக் கட்ட வேண்டும் என்ற நிபந்தனையோடு. கட்டவில்லை, தடை போனது. அப்புறம்தான் பவன் ஜப்தி.

64 கோடிக்கு 7 சதவீதம் என்றால் வருஷத்துக்கு 4 கோடியே 48 லட்சம், நாளொன்றுக்கு ஏறக்குறைய 1 லட்சத்து 23 ஆயிரம். ஞாயிற்றுக்கிழமையும் உண்டு, பொங்கல் தீபாவளி விடுமுறை கிடையாது.

செய்தித்தாள்கள் பவன் ஜப்தியைத்தான் தலைப்பாக்கின. அந்த உத்தரவில் அதைவிடக் கூர்மையான வரி வேறு ஒன்று. பணம் கட்டாமல் வட்டி ஏற யார் காரணம் என்று எரிசக்தித் துறையின் முதன்மைச் செயலாளர் 15 நாளில் விசாரிக்க வேண்டும். அந்த வட்டியைச் சம்பந்தப்பட்ட அதிகாரிகளிடமிருந்தே வசூலிக்க வேண்டும். நோயின் நாடியைப் பிடித்தது இதுதான் என்பேன்.

அரசுக் கஜானாவில் பணம் இல்லை என்பது பாதிக் காரணம்தான். அரசியலமைப்பின் 202-ஆம் பிரிவைப் பாருங்கள். நீதிமன்றத் தீர்ப்புக்கும் நடுவர் தீர்ப்புக்கும் தர வேண்டிய பணம் மாநிலத்தின் தொகுப்பு நிதி மேல் நேரடியாகச் சுமத்தப்பட்ட செலவு. ஆளுநர் சம்பளம், உயர் நீதிமன்ற நீதிபதிகள் சம்பளம், அரசு வாங்கிய கடனுக்கான வட்டி எல்லாம் இருக்கிற அதே வரிசை. சட்டமன்றத்தில் அதற்கு ஓட்டெடுப்பே கிடையாது. நகராட்சிக்கு இது பொருந்தாது, அதன் நிதி தனி. மாநில அரசுக்குப் பொருந்தும். ஆக, தீர்ப்பான பணத்தைக் கொடுக்க அரசியலமைப்பே வழி வைத்திருக்கிறது. பிறகு ஏன் நிற்கிறது? கொடுப்பதற்கு ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். கொடுக்காமல் இருப்பதற்கு யார் கையெழுத்தும் வேண்டாம். கையெழுத்துப் போட்டவரைப் பத்து வருஷம் கழித்துத் தணிக்கை கேட்கும், விஜிலென்ஸ் கேட்கும், ‘ஏன் மேல்முறையீடு போகாமல் கொடுத்தாய்’ என்பார்கள். போடாதவரை யாரும் எதுவும் கேட்பதில்லை. அவர் மாற்றலாகிப் போயிருப்பார், வட்டி மட்டும் ஏறிக்கொண்டிருக்கும். அந்த நாற்காலியில் நானே உட்கார்ந்திருந்தாலும் ‘அப்பீல் போகலாமா, சட்ட ஆலோசனை கேட்கவும்’ என்றுதான் குறிப்பு எழுதியிருப்பேன். ஹிமாச்சல் உத்தரவு அந்தக் கணக்கைத் திருப்பிப் போடப் பார்த்தது. சும்மா இருப்பதற்கும் ஒருவர் பெயர் வேண்டும் என்றது.

நியாயமாக, மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். அரசு எதிர்க்கும் ஒவ்வொரு வழக்கும் வீம்பு அல்ல. டெல்லி விமான நிலைய மெட்ரோ பாதை வழக்கில், டெல்லி மெட்ரோ கழகம் அந்தப் பாதையை நடத்திய தனியார் நிறுவனத்துக்கு 2,782 கோடியும் வட்டியும் தர வேண்டும் என்று 2017-இல் நடுவர் மன்றம் சொன்னது. 2021-இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. வட்டி சேர்ந்து தொகை 8,000 கோடியை நெருங்கியது. 2024 ஏப்ரல் 10 அன்று, சீராய்வு மனுவும் தோற்ற பின் வரும் கடைசி வாய்ப்பான குறைதீர் மனுவில், அதே உச்ச நீதிமன்றம் அந்த நடுவர் தீர்ப்பையே அடித்துவிட்டது. அந்த நிறுவனம் அதுவரை வாங்கியதைத் திருப்பிக் கொடுக்க வேண்டியதாயிற்று. முன்னாடியே முழுதும் கொடுத்திருந்தால் திரும்ப வருமா என்று கேட்கும் அதிகாரிக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. இரண்டே மாதத்தில், ஜூன் 3-இல், மத்திய நிதி அமைச்சகம் அரசு ஒப்பந்தங்களில் நடுவர் முறையைப் பொதுவாக 10 கோடிக்குக் குறைவான தகராறுகளோடு நிறுத்திக்கொள்ளச் சொல்லி வழிகாட்டுதல் போட்டது. பெரிய தொகை என்றால் சமரசம், இல்லாவிட்டால் கோர்ட்.

மேல்முறையீடு போகட்டும், ஆனால் பணத்தைக் கட்டிவிட்டுப் போகட்டும் என்பதுதான் இன்றைய நிலை. நடுவர் சட்டத்தின் 2015 திருத்தத்துக்கு முன், நடுவர் தீர்ப்பை எதிர்த்து மனுப் போட்டாலே தானாகத் தடை வந்துவிடும். திருத்தத்துக்குப் பின் தடை தனியாகக் கேட்க வேண்டும், நீதிமன்றம் நிபந்தனை போடலாம். ‘நாங்கள் அரசு, எங்களிடம் ஜாமீன் கேட்கக் கூடாது’ என்று மேற்கு வங்க அரசு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் பழைய விதி ஒன்றைக் காட்டியது. கல்கத்தா உயர் நீதிமன்றம் நிபந்தனையில்லாமல் தடை கொடுத்தது. 2019 ஜூலையில் பாம் டெவலப்பர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. காலனி ஆட்சிக் காலத்து விதியை வைத்துக்கொண்டு அரசு தனி மரியாதை கேட்க முடியாது, நடுவர் சட்டத்தின் முன் எல்லாத் தரப்பும் ஒன்றே என்றது. அதே வருஷம் மத்திய அமைச்சரவையும், நடுவர் தீர்ப்பை எதிர்த்துப் போகும் அரசு அமைப்புகள் 75 சதவீதத் தொகையை வங்கி உத்தரவாதத்தின் மேல் காண்ட்ராக்டருக்குக் கொடுத்துவிட வேண்டும் என்று முடிவெடுத்தது.

ஒப்பந்தத்தில் நடுவர் ஷரத்தே இல்லாத சின்னக் காண்ட்ராக்டருக்கு ரிட், அதாவது அரசுக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் நேராகப் போடும் மனு, ஒரு வழி. பணப் பாக்கிக்கெல்லாம் ரிட் போடாதே, சிவில் கோர்ட்டுக்குப் போ என்றுதான் பொதுவாகத் திருப்பி அனுப்புவார்கள். ஆனால் தொகையை அரசே ஒப்புக்கொண்டிருந்தால் கதை வேறு. 2003 டிசம்பரில் ஏ.பி.எல். இன்டர்நேஷனல் வழக்கும், அதைப் பின்பற்றிய 2019-இன் சூர்யா கன்ஸ்ட்ரக்‌ஷன்ஸ் வழக்கும் அந்தக் கதவைத் திறந்து வைத்திருக்கின்றன. ஆந்திராவில் ஊரக வேலைத் திட்டப் பணிகளின் பில்கள் ஆட்சி மாறியதும் நிறுத்தப்பட்டபோது, நூற்றுக்கணக்கானவர்கள் இந்தக் கதவு வழியாகத்தான் போனார்கள். பில்லில் ஏறக்குறைய 20 சதவீதத்தைப் பிடித்துக்கொள்ளப் பார்த்த அரசிடம், நான்கு வாரத்தில் 12 சதவீத வட்டியோடு கொடு என்று 2021 அக்டோபரில் உயர் நீதிமன்றம் சொன்னது. அங்கே வேலையை அளந்து எம்.புக்கில் ஏற்றியிருந்ததுதான் காப்பாற்றியது. ‘பில் பாஸ் ஆகியிருக்கா? பாக்கி இருக்குன்னு ஆபீஸ் லெட்டர் இருக்கா?’ என்று வக்கீல்கள் முதல் சந்திப்பிலேயே கேட்பது இதற்குத்தான்.

டிக்ரி, அதாவது தீர்ப்பாணை, கிடைத்ததும் மறுநாளே ஜப்திக்கு ஓட முடியாது. மத்திய, மாநில அரசுகளுக்கு எதிரான டிக்ரி என்றால் மூன்று மாதம் காத்திருக்க வேண்டும். நகராட்சிக்கு அந்தச் சலுகை இல்லை. அரசு மேல் வழக்குப் போடும் முன்னால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆம் பிரிவுப்படி நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் பொறுத்திருந்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஒருவழியாக எதிர்த்தரப்பு பணத்தைக் கோர்ட்டில் கட்டிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். ஜப்தி விலகும், நிருபர்கள் போய்விடுவார்கள். அந்தப் பணம் கோர்ட் கணக்கில் இருக்கும். மேல்முறையீடு பாக்கி இருந்தால் அது முடிகிறவரை வங்கியில் வைப்புத்தொகையாகத் தூங்கும், அல்லது உத்தரவாதம் கொடுத்தால் கொஞ்சம் கைக்கு வரும். எல்லாம் முடிந்த பிறகும் பணத்தை வெளியே எடுக்கக் காண்ட்ராக்டர் இன்னொரு மனுப் போட வேண்டும். நம் ஊர்க் கோர்ட்டுகளில் அதற்குச் ‘செக் பெட்டிஷன்’ என்று பெயர். அதையும் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பி, வாயிதா போட்டுத்தான் விசாரிப்பார்கள்.